ஸ்கேன் ரிப்போர்ட்டில் 'கேஸ் மறைக்கிறது' என்று இருந்தால் வீட்டுக்குத் திரும்பாதீர்கள்

சுகர் உள்ளவர்களும் அவர்களைப் பார்த்துக்கொள்பவர்களும் படிக்க வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறோம். சிறுநீரகத் தொற்று முற்றிப்போன 54 வயதுப் பெண் ஒருவரின் சிகிச்சைக் கோப்பு இது. ஆளையோ மருத்துவமனையையோ அடையாளம் காட்டும் எதையும் வைக்கவில்லை. ஐந்து நாளில் நடந்த தவறுகளில் ஒன்றுகூட அபூர்வமானதல்ல.

முதல் நாள்: குளிர் நடுக்கத்தோடு காய்ச்சல், வாந்தி, வயிறு உப்புசம், இடது விலாவுக்குக் கீழே முதுகோரமாக வலி. பன்னிரண்டு வருட சுகர், அன்றைய அளவு 412. சீட்டில் இருந்தவை கேஸ் மாத்திரை, டைக்ளோஃபெனாக் ஊசி, ஐந்து நாளைக்கு நைட்ரோஃபுரான்டாயின். சிறுநீரைக் கல்ச்சருக்கு (கிருமியை வளர்த்துப் பார்க்கும் சோதனை) அனுப்பவில்லை. முதுகோரம் தட்டி, வலிக்கிறதா என்று பார்த்ததாகக் குறிப்பும் இல்லை.

உப்புசம் பொய்யில்லை. சிறுநீரகத் தொற்று முற்றும்போது குடல் அசைவு மந்தமாகும், வயிறு உப்பும், வாந்தி வரும். அதை இரைப்பைக் கோளாறாக எடுத்துக்கொண்டதில்தான் எல்லாம் தொடங்கியது. நைட்ரோஃபுரான்டாயின் சிறுநீர்ப்பைத் தொற்றுக்கு நல்ல மருந்து. ஆனால் அது சிறுநீரில்தான் சேரும், சிறுநீரகத் திசுவுக்குள் போதிய அளவு ஏறாது. காய்ச்சலும் முதுகோர வலியும் உள்ளவருக்கு அதைக் கொடுப்பது மருந்தே கொடுக்காததற்குச் சமம். டைக்ளோஃபெனாக் அதைவிட மோசம். வாந்தியில் நீர் வற்றிய உடம்பில் சிறுநீரகத்துக்குப் போகும் ரத்தத்தை அது இன்னும் குறைக்கும். கூடவே காய்ச்சலையும் வலியையும் தற்காலிகமாக அடக்கி, தேறிவிட்டது போலக் காட்டும். இரண்டாம் நாள் குறிப்பில் "பரவாயில்லை" என்று இருப்பதற்கு அந்த ஊசிதான் காரணம்.

மூன்றாம் நாள் அல்ட்ராசவுண்ட். ரிப்போர்ட் இப்படி: "வலது சிறுநீரகம் இயல்பு. குடல் வாயு மறைப்பதால் இடது சிறுநீரகம் சரியாகத் தெரியவில்லை." வலி இடது பக்கம். தெரியாமல் போனதும் இடது பக்கம். யாரும் அந்த வரியில் நிற்கவில்லை.

உண்மையில் கேஸ் இருந்தது. குடலில் அல்ல, சிறுநீரகத்துக்குள்ளேயே. எம்பிஸிமேட்டஸ் பைலோநெஃப்ரைட்டிஸ் என்பது இதுதான். காரணமான கிருமி பெரும்பாலும் ஈ.கோலை, அடுத்தபடியாகக் கிளெப்சியெல்லா. திசுவில் மிதமிஞ்சிக் கிடக்கும் குளுக்கோஸை இவை நொதிக்கச் செய்து கார்பன் டை ஆக்சைடும் ஹைட்ரஜனும் விடும். ரத்த ஓட்டம் குறைந்த இடம் என்பதால் அந்த வாயு கரைந்து வெளியேற வழியில்லை. அங்கேயே தேங்கித் திசுவைக் கிழிக்கிறது, செத்த திசு கிருமிக்குத் தீனியாகிறது. இந்நோய் வருபவர்களில் மிகப் பெரும்பாலோர் சர்க்கரை நோயாளிகள். ஆண்களைவிடப் பெண்களுக்கு அதிகம். கல்லோ வேறெதுவோ சிறுநீர்ப் பாதையை அடைத்திருந்தால் சுகர் இல்லாதவருக்கும் வரும்.

அல்ட்ராசவுண்டில் இதைப் பிரித்துப் பார்க்கவே முடியாது என்பதில்லை. கல்லின் நிழல் சுத்தமான கறுப்பாக விழும். வாயுவின் நிழல் சாம்பல் படிந்து, கோடு கோடாக, அழுக்காக விழும். குடல் வாயு என்றால் ஆளைப் புரட்டிப் படுக்க வைத்தாலோ கருவியை அழுத்தினாலோ நகரும். முதுகோரத்திலிருந்து பார்க்கும்போது சிறுநீரகத்துக்கு முன்னால் பொதுவாகக் குடல் குறுக்கே வராது. அங்கிருந்து பார்த்தும் வாயு மறைக்கிறது என்றால் அது எங்கே இருக்கிறது என்ற கேள்வி அங்கேயே எழுந்திருக்க வேண்டும்.

பதில் சொல்ல வேண்டியது சி.டி. ஸ்கேன். அதைத்தான் மறுத்தார்கள். "க்ரியாட்டினின் 2.6, சி.டி. எடுத்தால் கிட்னி போய்விடும்" என்று கோப்பிலேயே எழுதியிருக்கிறது (க்ரியாட்டினின் என்பது சிறுநீரகம் தளர்ந்தால் ரத்தத்தில் ஏறும் கழிவு). எங்களுக்கு மிகவும் கோபம் வந்த இடம் இது. அந்த பயம், படம் தெளிவாகத் தெரிய ஊசியில் ஏற்றும் கான்ட்ராஸ்ட் மருந்தைப் பற்றியது. வாயுவைக் காண கான்ட்ராஸ்ட் தேவையே இல்லை. சாதா சி.டி.யில் வாயு கரிக்கறுப்பாகத் தெரியும். திரையில் படத்தை நுரையீரல் பார்க்கும் 'விண்டோ' என்ற காட்சி அமைப்புக்கு மாற்றினால் கொழுப்போடு குழம்பாமல் சின்னக் குமிழிகூடத் தனித்து நிற்கும். படுக்க வைத்து எடுக்கச் சில நிமிடம் போதும். எக்ஸ்ரேயில் வாயு தெரிந்தால் தெரிந்ததுதான். தெரியாததை வைத்து இல்லை என்று முடிவு கட்டக் கூடாது.

ஆகவே, சுகர், காய்ச்சல், ஒரு பக்க முதுகோர வலி மூன்றும் இருந்து, ஸ்கேனில் அந்தப் பக்கச் சிறுநீரகம் தெரியவில்லை என்றால், கேட்க வேண்டியது இதுதான்: "கான்ட்ராஸ்ட் இல்லாத சி.டி. எடுத்து, சிறுநீரகத்துக்குள் வாயு இருக்கிறதா என்று சொல்லுங்கள்." சரியான மருந்து போட்டும் மூன்று நாளில் காய்ச்சல் இறங்கவில்லை என்றாலும் இதே கேள்விதான்.

ஐந்தாம் நாள் அவர் உளற ஆரம்பித்தார். ரத்த அழுத்தம் 80/50, பிளேட்லெட் 70,000. வேறிடத்தில் எடுத்த சி.டி.யில் 3ஏ வகுப்பு. வாயு எவ்வளவு தூரம் பரவியிருக்கிறது என்பதை வைத்து ஹுவாங், செங் என்ற மருத்துவர்கள் 2000இல் வெளியிட்ட வகைப்பாடு அது. வாயு சிறுநீர் சேரும் அறைகளில் மட்டும் இருந்தால் 1, சிறுநீரகத் திசுவுக்குள் இருந்தால் 2. சிறுநீரகத்தைச் சுற்றியுள்ள கொழுப்புக்குள் வாயுவோ சீழோ பரவினால் 3ஏ, அந்தக் கொழுப்பைச் சுற்றிய உறையையும் தாண்டினால் 3பி. இரண்டு பக்கமும் வந்தாலோ, இருக்கும் ஒரே சிறுநீரகத்தில் வந்தாலோ 4. பிளேட்லெட் குறைவு, சிறுநீரகச் செயலிழப்பு, நினைவு தடுமாற்றம், அதிர்ச்சி நிலை (ரத்த அழுத்தம் விழுந்துபோவது) ஆகிய நான்கையும் அவர்களே ஆபத்துக் குறிகளாகச் சொன்னார்கள். 3, 4ஆம் வகுப்புகளில் இவற்றில் இரண்டோ அதற்கு மேலோ இருந்தால் மருந்தும் சீழ் வடிக்கும் குழாயும் மட்டும் பெரும்பாலும் கைகொடுப்பதில்லை. இவருக்கு நான்கும் இருந்தன. மூன்றாம் நாளில் க்ரியாட்டினின் மட்டும்தான் ஏறியிருந்தது.

சிகிச்சையிலும் வழுக்கும் இடங்கள் உண்டு. ரத்தக் கல்ச்சர் இரண்டு செட், சிறுநீர்க் கல்ச்சர் எடுத்த கையோடு முதல் மணி நேரத்துக்குள் ஆன்டிபயாடிக் ஏற வேண்டும். பல ஆன்டிபயாடிக்குகளுக்கு அடங்காத ஈ.எஸ்.பி.எல். கிருமி பரவலாக உள்ள இடத்தில் செஃப்ட்ரையாக்சோனை மட்டும் போட்டுக் காத்திருப்பது சூதாட்டம். மெரோபெனம் 1 கிராம், 8 மணி நேரத்துக்கு ஒருமுறை என்று தொடங்கி, கல்ச்சர் வந்ததும் அந்தக் கிருமிக்கேற்ற மருந்தாகக் குறுக்கிக்கொள்ளலாம். க்ரியாட்டினின் ஏறியிருக்கிறது என்று முதல் டோஸையே பாதியாக்கும் பழக்கம் ஒன்று இருக்கிறது. குறைப்பது அடுத்தடுத்த டோஸ்களில், முதல் டோஸ் முழுதாகப் போக வேண்டும். ரத்த அழுத்தம் விழுந்திருந்தால் முதல் 3 மணி நேரத்தில் உடல் எடையில் கிலோவுக்கு 30 மில்லி சலைன். அதிலும் ஏறாவிட்டால் அழுத்தத்தை ஏற்றும் நார்அட்ரினலின் மருந்து, சராசரி அழுத்தம் 65ஐத் தொடும்படி. சுகரை இன்சுலின் ட்ரிப்பில் 140க்கும் 180க்கும் நடுவில் பிடிக்க வேண்டும். மெட்ஃபார்மினையும், சிறுநீரில் சர்க்கரையை வெளியேற்றும் 'ஃப்ளோசின்' வகை மாத்திரைகளையும் நிறுத்த வேண்டும். இந்த இரண்டாவது வகையைப் பற்றி, கடும் சிறுநீரகத் தொற்று வரலாம் என்று அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2015இலேயே எச்சரித்திருக்கிறது.

மருந்து மட்டும் போதுமா? 2008இல் வந்த தொகுப்பாய்வில், மருந்து மட்டும் பெற்றவர்களில் பாதிப் பேர் இறந்திருந்தார்கள். தோல் வழியாகக் குழாய் வைத்து வாயுவையும் சீழையும் வடித்தவர்களில் அது 13.5 சதவீதம், அவசரமாகச் சிறுநீரகத்தை எடுத்தவர்களில் 25. பழைய ஆய்வுகளின் தொகுப்பு என்பதால் எண்களை அப்படியே பிடித்துத் தொங்க வேண்டாம், திசை தெளிவு. முதல் நாளே "கிட்னியை எடுத்துவிடலாம்" என்று கையெழுத்துக் கேட்டால், குழாய் வைத்துப் பார்க்க முடியுமா என்று கேட்காமல் போடாதீர்கள். சிறுநீர்ப் பாதையில் அடைப்பு இருந்தால் டிஜே ஸ்டென்டோ (சிறுநீர்ப் பாதைக்குள் வைக்கும் குழாய்) நெஃப்ராஸ்டமியோ (முதுகு வழியாகச் சிறுநீரகத்துக்குள் வைக்கும் குழாய்) வைத்து அதைத் திறப்பதும் அன்றைக்கே நடக்க வேண்டிய வேலை.

குழாய் அளவும் முக்கியம். இவருக்கு முதலில் வைத்தது 8 பிரெஞ்ச் பிக்டெயில் குழாய் (பிரெஞ்ச் என்பது குழாயின் தடிமன் அளவு). செத்த திசுவும் கெட்டிச் சீழும் அதில் இறங்கவில்லை. மறுநாள் பையில் ஒன்றும் சேராததைக் கண்டு "சீழ் நின்றுவிட்டது" என்று எழுதினார்கள். காய்ச்சலோ 103. வடிதல் திடீரென நின்று காய்ச்சல் ஏறினால் குழாய் அடைத்திருக்கிறது என்று பொருள். 14 பிரெஞ்ச் குழாய் மாற்றியதும் மடமடவென்று இறங்கியது. 10 மில்லி சலைன் விட்டு நாளுக்குச் சில தடவை கழுவிவிடுவது, 4 முதல் 7 நாளில் சி.டி.யை மறுபடி எடுத்துப் பார்ப்பது, தனித்தனி அறைகளாகச் சீழ் இருந்தால் தனித்தனிக் குழாய் வைப்பது, இவை இல்லாமல் குழாய் வைத்தும் பயனில்லை.

ஒரு மறுபக்கமும் சொல்லிவிட வேண்டும். ஸ்டென்ட், நெஃப்ராஸ்டமி, கல் அறுவை முடிந்த கையோடு எடுத்த சி.டி.யில் சிறுநீர் அறைகளில் கொஞ்சம் காற்று தெரிவது சகஜம், அது உள்ளே புகுந்த காற்று. காய்ச்சலும் இல்லாமல் திசுவுக்குள் வாயுவும் இல்லாமல் இந்நோய்ப் பெயரை எழுதினால் பதற வேண்டாம், விளக்கம் கேளுங்கள்.

அவர் பிழைத்துவிட்டார். இடது சிறுநீரகம் நிற்கவில்லை, ஆறாவது வாரம் எடுத்தார்கள். அதற்கு முன், முதல் டிஸ்சார்ஜின்போது கொடுத்த தாளில் ஆன்டிபயாடிக் எத்தனை நாள் என்பது இல்லை, கல்ச்சர் முடிவு இல்லை, உள்ளே இருந்த டிஜே ஸ்டென்டை எப்போது எடுக்க வேண்டும் என்ற தேதியும் இல்லை. மூன்று மாதத்துக்கு மேல் மறந்துவிட்டால் அதன்மேலேயே கல் படியும். மருந்துப் பட்டியலின் கடைசி வரியில், அந்த 'ஃப்ளோசின்' மாத்திரைக்கு எதிரே, "தொடரவும்" என்று இருந்தது.