ஆறுமுக நாவலரின் பாலபாடம்: ஒரு மறுபதிப்பைப் படித்தபின்

பத்தொன்பதாம் நூற்றாண்டு யாழ்ப்பாணத்துச் சைவ அறிஞர் ஆறுமுக நாவலர் பள்ளிப் பிள்ளைகளுக்காக எழுதிய பாடநூலான பாலபாடத்தின் முதல் இரண்டு புத்தகங்களையும் நான்காம் புத்தகத்தையும் ஒன்றாகக் கட்டி வெளியிட்டிருக்கும் மறுபதிப்பு ஒன்றை அண்மையில் வாங்கிப் படித்தேன். பிள்ளைகளுக்குத் தமிழ் உரைநடையைப் பழக்க விரும்பும் பெற்றோரும் ஆசிரியரும் இதனை வாங்கலாமா என்று கேட்டால், வாங்கலாம் என்றே சொல்வேன். ஆனால், பிள்ளையின் கையில் கொடுத்துவிட்டு எழுந்து போய்விடக் கூடாது, அருகில் அமர்ந்து சேர்ந்து படிக்க வேண்டும் என்பதையும் உடன் சொல்வேன். அப்படிச் சொல்வதற்கான காரணம் இந்நூல் பிறந்த சூழலிலேயே இருக்கிறது.

1816இல் யாழ்ப்பாணத்தில் பணி தொடங்கிய அமெரிக்கக் கிறித்தவ மிஷன், 1823இல் வட்டுக்கோட்டையில் செமினரி என்ற உயர்கல்விக்கூடத்தையும் 1824இல் உடுவிலில் பெண்கள் விடுதிப் பள்ளியையும் நிறுவியது. வெஸ்லியன் மிஷனும் தன் பள்ளிகளை நடத்திவந்தது. திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் ஏட்டைப் பார்த்து எழுதியும் ஆசிரியர் சொல்லக் கேட்டும் ஆத்திசூடியையும் நிகண்டையும் மனப்பாடம் செய்துகொண்டிருந்த காலத்தில், மிஷன் பள்ளிகளில் அச்சிட்ட வாசகப் புத்தகங்கள் வந்துவிட்டன. தமிழகத்திலும் இந்த மாற்றம் தொடங்கியிருந்தது. 1820இல் சென்னைப் பள்ளிப் புத்தகச் சங்கம் தோன்றியதும், 1826இல் தாண்டவராய முதலியாரின் கதாமஞ்சரியும் பஞ்சதந்திரமும் அச்சேறியதும் இந்தக் காலத்தைச் சேர்ந்தவையே. 1822இல் நல்லூரில் பிறந்த நாவலர், பேர்சிவல் பாதிரியாரின் வெஸ்லியன் பள்ளியில் படித்து, அங்கேயே ஆசிரியராக இருந்து, அவருடைய விவிலிய மொழிபெயர்ப்புக்கும் துணைசெய்தவர். அந்தப் பணியை விட்டு விலகி 1848இல் வண்ணார்பண்ணையில் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கியபோது, தம் பள்ளிப் பிள்ளைகள் எதைப் படிப்பது என்ற கேள்வி அவர்முன் நின்றது. 1849இல் சென்னைக்குச் சென்று அச்சியந்திரம் வாங்கிவந்தார். அந்தப் பயணத்தில்தான் திருவாவடுதுறை ஆதீனம் அவருக்கு நாவலர் என்ற பட்டத்தை வழங்கியது. அந்த அச்சுக்கூடத்திலிருந்து வந்தவைதான் பாலபாடங்கள்.

எழுத்து, சொல், சிறு வாக்கியம், பத்தி, கட்டுரை என்று படிப்படியாக ஏறும் பாடநூல் வடிவத்தை நாவலர் மிஷன் பள்ளிகளில் கண்டு, அதன் வலிமையை உணர்ந்து, சைவப் பிள்ளைகளுக்காகத் தம்முடையதாக்கிக்கொண்டார் என்றே நான் கருதுகிறேன். ஆகவே இந்நூல் நீதி கற்பிக்கும் புத்தகமாக இருப்பதுடன், மதமாற்றத்துக்கு எதிராக நடந்த ஒரு நீண்ட வாதத்தின் பகுதியாகவும் இருக்கிறது. இதை மனத்தில் கொள்ளாமல் படிப்பவர்களுக்குச் சில பக்கங்கள் காரணமில்லாத கடுமையுடன் பேசுவதாகத் தோன்றும்.

தொடக்கப் புத்தகங்களைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. இன்றைய குழந்தைக்கு அகரம் கற்பிக்க இவற்றைவிட நல்ல புத்தகங்கள் இருக்கின்றன. படங்களும் வண்ணங்களும் பாட்டும் உள்ள புத்தகங்களோடு பழகிய பிள்ளை இவற்றில் நெடுநேரம் நிற்காது. சொற்களை எளிமையிலிருந்து கடினத்துக்கு அடுக்கும் ஒழுங்கைக் கவனித்துக் கற்றுக்கொள்ள ஆசிரியர்கள் வேண்டுமானால் இவற்றைப் புரட்டலாம்.

நான்காம் புத்தகத்தின் நிலை வேறு. கடவுளைப் பற்றிய பாடத்தில் தொடங்கி, கொலை, புலாலுண்ணல், கள்ளுண்ணல், களவு, பொய், அழுக்காறு, கோபம், சூது, செய்ந்நன்றியறிதல், தாய் தந்தையரைப் பேணல், கல்வி, தருமம், பசுக்காத்தல் என்று ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு சிறு கட்டுரை வைத்திருக்கிறார். எடுத்த பொருள் இன்னது என்று முதலில் வரையறுப்பார். அதனால் பிறருக்கும் தனக்கும் நேர்வது என்ன என்று காரணங்களை வரிசையாக வைப்பார். பழைய நூல்களின் செய்யுள்களைச் சான்றாகக் காட்டுவார். ஔவையாரின் ஆத்திசூடி, கொன்றைவேந்தன் ஆகியவற்றின் நீதி, கட்டளையாக வந்து நாவில் தங்கிவிடும் நீதி. ஏன் என்று கேட்கும் பிள்ளைக்கு அந்த வரிகளுக்குள் விடை கிடையாது, விடை ஆசிரியரிடம்தான் இருக்க வேண்டும். நாவலர் அந்த விடையைப் புத்தகத்துக்குள்ளேயே கொண்டுவந்தார். பொய் சொல்லாதே என்பதற்கு மேலே போய், பொய் சொல்பவன் உண்மை சொல்லும்போதும் நம்பப்படுவதில்லை என்பதுபோன்ற காரணங்களைப் பிள்ளை தானே எடைபோட்டுப் பார்க்கும்படி வைக்கும் உரைநடை, நூற்றைம்பது ஆண்டுகளுக்கும் முன்பு, அதுவும் பள்ளிப் பிள்ளைகளுக்காக எழுதப்பட்டது என்பதை நினைக்கும்போது வியப்பு மேலிடுகிறது.

அந்த உரைநடைக்காகவே இந்நூலை வாங்கலாம். பரிதிமாற்கலைஞர் நாவலரை வசனநடை கைவந்த வல்லாளர் என்று போற்றியதற்கான சான்று இங்கே பக்கத்துக்குப் பக்கம் கிடைக்கிறது. உலகத்திலே, அதனாலே என்று நீளும் அவருடைய வேற்றுமை உருபுகள் முதல் இரண்டு பக்கங்களுக்குப் புதிதாகத் தோன்றினாலும், வாய்விட்டுப் படிக்கத் தொடங்கியதும் அந்த நீட்சியே வாக்கியத்துக்கு மூச்சுவிடும் இடத்தைக் கொடுப்பது தெரியும். எவ்வளவு நீண்ட வாக்கியமானாலும் எழுவாய் எங்கே, பயனிலை எங்கே என்று பிள்ளை தடுமாறுவதில்லை. எனக்குத் தெரிந்த உயர்நிலைப் பள்ளி மாணவர்கள் சிலருடன் அழுக்காறு பற்றிய பாடத்தைச் சேர்ந்து படித்தபோது, பழைய தமிழ் என்று தயங்கியவர்கள் பாதிப் பாடத்திலேயே பொருளைப் பற்றி வாதாடத் தொடங்கிவிட்டார்கள். பொறாமை கொள்பவன் பிறருக்குத் தீங்கு செய்வதற்கு முன்பே தன் மனத்தைத் தானே வருத்திக்கொள்கிறான் என்ற கருத்து, மதிப்பெண் பட்டியலை ஒருவரோடு ஒருவர் ஒப்பிட்டுப் பழகிய அவர்களுக்கு உடனே விளங்கியது.

இனி, அருகில் அமர்ந்து படிக்க வேண்டும் என்று நான் சொன்னதற்கான பக்கங்களுக்கு வருகிறேன். காரணம் காட்டி நீதி சொல்லும் அதே நூல், பாவத்துக்கு நரகத்தில் கிடைக்கும் தண்டனைகளையும் அச்சம் உண்டாகும்படி விரித்துச் சொல்கிறது. சைவ மரபுக்கு இது புதிதன்று. எதிர்த்தரப்பில் இருந்த மிஷன் பிரசங்கங்களும் நரகத்தைப் பற்றிப் பேசத் தவறியதில்லை. இருந்தாலும், காரணத்தால் மனத்தை இணங்கவைக்கும் வல்லமை பெற்றிருந்த ஒருவர் அச்சத்தையும் துணைக்கு அழைத்தது எனக்கு வருத்தம் தருகிறது. சிறு பிள்ளைகளுக்கு அந்தப் பகுதிகளை நான் படித்துக் காட்டமாட்டேன். புலாலுண்ணல் பற்றிய பாடத்திலும் கவனம் வேண்டும். அது ஒரு சமய ஒழுக்கத்தின் நிலைப்பாடு. மீனும் இறைச்சியும் உண்ணும் வீட்டிலிருந்து வரும் பிள்ளை தன் பெற்றோர் பாவிகள் என்று எண்ணிக் கலங்கும்படி வகுப்பில் அதைப் படிக்கச் செய்வது நீதியாகாது.

நூல் முன்னிறுத்தும் பிள்ளை பெரும்பாலும் ஆண்பிள்ளை என்பதையும், அதன் ஆசிரியர் தம் காலத்துச் சாதி ஒழுங்கை ஏற்றுக்கொண்டவர் என்பதையும் மறைக்கக் கூடாது. யாழ்ப்பாணத்தில் ஒடுக்கப்பட்ட சாதிப் பிள்ளைகள் மற்றவர்களுடன் சமமாக ஒரே பெஞ்சில் அமர்வதற்கான சமாசனப் போராட்டம் 1920களின் இறுதிவரையும் அதற்குப் பின்னும் நடந்தது. அதை எதிர்த்துச் சில பள்ளிகள் எரிக்கப்பட்டன. செய்ந்நன்றியையும் தருமத்தையும் இவ்வளவு தெளிவாகக் கற்பித்த பாடநூல்கள் புழங்கிய அதே மண்ணில் அது நடந்தது என்பதைப் பெரிய பிள்ளைகளிடம் சொல்லித்தான் ஆக வேண்டும். ஒரு பாடநூல் எந்த நீதிகளைப் பேசுகிறது, எதைப் பேசாமல் விடுகிறது என்று பார்க்கும் பழக்கத்தை இந்த நூலிலிருந்தே தொடங்கலாம்.

வகுப்பில் பயன்படுத்துவோருக்கு ஒரு வழி சொல்வேன். இதனைப் பாரதியாரோடு சேர்த்துப் படிப்பியுங்கள். 1915இல் வெளிவந்த பாப்பா பாட்டு, சாதிகள் இல்லையடி என்று குழந்தையிடம் நேராகச் சொல்லிவிட்டது. அவருடைய புதிய ஆத்திசூடி அச்சம் தவிர் என்று தொடங்குகிறது. ஔவையின் ஆத்திசூடியில் தையல்சொல் கேளேல் என்றிருக்க, பாரதி தையலை உயர்வு செய் என்று எழுதினார். ஔவை, நாவலர், பாரதி என்ற மூவரையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்கும் மாணவன், நீதி என்பது ஒரே நாளில் எழுதி முடிக்கப்பட்டதன்று, ஒவ்வொரு தலைமுறையும் திருத்தி எழுதிவருவது என்பதைத் தானே கண்டுகொள்வான். என்னுடன் படித்த மாணவி ஒருத்தி, அச்சம் தவிர் என்ற வரியையும் நரகத்தைப் பற்றிய பகுதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இவை இரண்டில் எது பிள்ளையை உண்மையாகவே நல்லவளாக்கும் என்று கேட்டாள். நாங்கள் அன்று முழுவதும் அதைப் பற்றித்தான் பேசினோம்.

நான் வாங்கிய பதிப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். பதிப்பகத்தின் பெயரை இங்கே குறிப்பிடவில்லை. ஏனெனில், இந்தக் குறைகள் அவர்களுக்கு மட்டும் உரியவை அல்ல, பழைய பாடநூல்களை மீண்டும் அச்சிடும் பலரிடமும் காணப்படுபவை. தாள் மெல்லியது; மறுபக்க எழுத்து இப்பக்கத்தில் தெரிகிறது. முதற்பதிப்பு எந்த ஆண்டு வந்தது, இந்தப் பதிப்புக்கு எந்தப் பழைய பதிப்பைப் பின்பற்றினார்கள் என்ற குறிப்பு எங்கும் இல்லை. பிள்ளைகள் எளிதாகப் படிக்க வேண்டும் என்பதற்காகச் சந்தி பிரிப்பதிலும் நிறுத்தக்குறிகளை இடுவதிலும் மிகுந்த கவனம் எடுத்துக்கொண்டவர் நாவலர். அவருடைய நூலில் காற்புள்ளிகள் விழுந்தும் சொற்கள் ஒட்டியும் அச்சாகியிருப்பதைக் காணும்போது மனம் பொறுக்கவில்லை. மேற்கோள் செய்யுள்கள் எந்த நூலைச் சேர்ந்தவை என்று பல இடங்களில் தெரியவில்லை. அருஞ்சொல் விளக்கமும் இல்லை. கட்டு மட்டும் உறுதியாக இருக்கிறது. பலரும் கைமாற்றிப் படித்த பின்னும் ஏடு கழன்று விழவில்லை.

சந்தேகம் எழும் இடங்களில் நூலகம் இணையத்தளத்தில் உள்ள பழைய பதிப்புகளின் மின்வருடல்களோடு ஒப்பிட்டுப் பார்ப்பது நல்லது. ஈழத்து நூல்களைக் காத்துவரும் அந்தத் தளத்தில் கட்டணமின்றியே படிக்கலாம். தமக்காக மட்டும் படிக்க விரும்புவோருக்கு அதுவே போதும். பிள்ளைகளோடு சேர்ந்து வாய்விட்டுப் படிக்க விரும்புவோர் அச்சுப் புத்தகத்தை வாங்கி, பாடத்தை எடுப்பதற்கு முன் விடுபட்ட காற்புள்ளிகளைப் பென்சிலால் இட்டுக்கொண்டு தொடங்கலாம். பத்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுக்கு நான்காம் புத்தகம் வேண்டாம். அதற்கு மேற்பட்டவர்களுக்குப் பொய், அழுக்காறு, கோபம், செய்ந்நன்றியறிதல், கல்வி ஆகிய பாடங்களை முதலில் எடுங்கள். மற்றவற்றைப் பிள்ளைகள் எதிர்க்கேள்வி கேட்கப் பழகிய பின் எடுத்துக்கொள்ளலாம்.