இளைஞர் விருதுத் தேர்வில் அநியாயமா? வழக்குப் போடும் முன் என் கதையைக் கேளுங்கள்

மூன்று நகல், ஸ்பைரல் பைண்டிங், பக்கத்துக்குப் பக்கம் சான்றொப்பம். அரசு இளைஞர் விருது ஒன்றுக்கு நான் விண்ணப்பித்தது வயது வரம்பின் கடைசி ஆண்டில். ஏழு ஆண்டுகள் நடத்திய மாலை நேர வகுப்பின் வருகைப் பதிவேடு முதல் காவல் நிலையச் சான்று வரை எல்லாம் உள்ளே இருந்தது. அலுவலகத்தில் கொண்டுபோய்க் கொடுத்தபோது, "வெச்சிட்டுப் போங்க தம்பி" என்றார்கள். வைத்துவிட்டு வந்தேன். ஒப்புகைச் சீட்டு கேட்கத் தோன்றவில்லை.

விருது வேறொருவருக்குப் போனது. சரி, அவர் என்னைவிட நன்றாகச் செய்திருப்பார் என்றுதான் முதலில் நினைத்தேன். அப்புறம்தான் ஒவ்வொன்றாகத் தெரியவந்தது. விருது பெற்றவர் வேலை பார்க்கும் அறக்கட்டளையின் நிர்வாகி தேர்வுக் குழுவில் இருந்திருக்கிறார். அறிவிப்பில் நேர்காணல் என்ற சொல்லே கிடையாது. ஆனால் மூன்று பேரை மட்டும் கூப்பிட்டு நடத்தியிருக்கிறார்கள். போய்க் கேட்டால், "உங்க ஃபைல் வந்ததாவே தெரியலையே" என்று பதில்.

தெரிந்தவர் ஒருவர் மூலம் ஒரு வழக்கறிஞரிடம் போனேன். அதற்குள் எட்டு மாதம் ஓடிவிட்டது. உயர் நீதிமன்றத்துக்கு ரிட் மனு, அதாவது அரசின் செயலை எதிர்த்து நேரடியாகப் போடும் மனு, தயாரானது. அதில் பெரும்பகுதி, நான் அந்த இளைஞரைவிட எப்படி உயர்ந்தவன் என்பதுதான். படிக்கும்போது எனக்கே கண் கலங்கியது. நீதிமன்றத்தில் அதற்கு ஒரு மதிப்பும் இல்லை. யாருக்குத் தகுதி அதிகம் என்று எடைபோடுவது குழுவின் வேலை; அதில் நீதிமன்றம் பொதுவாகத் தலையிடாது. தேர்வு நடந்த முறை சரியா என்பதைத்தான் பார்க்கும்.

முறையைப் பற்றிப் பேச என் பக்கம் எவ்வளவு இருந்தது என்பது பின்னால்தான் புரிந்தது. 1969-இல் ஏ.கே. கிரைபக் வழக்கு. இந்திய வனப் பணிக்கு ஜம்மு காஷ்மீரில் நடந்த தேர்வில், போட்டியாளர்களில் ஒருவரே தேர்வுக் குழுவிலும் இருந்தார். தன் பெயர் வந்தபோது விலகிக்கொண்டார். மற்றவர்கள் விஷயத்தில் உட்கார்ந்திருந்தார். உச்ச நீதிமன்றம் தேர்வையே ரத்து செய்தது. பாரபட்சம் காட்டினார் என்று நிரூபிக்க வேண்டியதில்லை, காட்டியிருக்க நியாயமான வாய்ப்பு இருந்தாலே போதும். இடையில் புதிதாக நேர்காணலை நுழைத்ததற்கு 2008-இன் மஞ்சுஸ்ரீ தீர்ப்பு இருக்கிறது. ஆட்டம் தொடங்கிய பிறகு விதியை மாற்றக் கூடாது என்பது அதன் சாரம். 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வும் அந்தக் கொள்கையை உறுதிசெய்தது. இவை வேலைக்கான தேர்வுகள், விருது யாருடைய உரிமையும் அல்ல என்று எதிர்த்தரப்பு வாதாடும். வாதாடட்டும். அரசு தானே அறிவித்த விதிக்குத் தானும் கட்டுப்பட வேண்டும் என்று 1979-இல் ரமணா தயாராம் ஷெட்டி வழக்கிலேயே சொல்லியாயிற்று. என் மனுவில் இவற்றில் ஒன்றுகூட இல்லை.

விருது வாங்கியவரை எதிர்மனுதாரராகச் சேர்க்கவும் இல்லை. ஒருவருக்குக் கிடைத்ததைப் பறிக்கச் சொல்லும்போது அவரையும் கேட்க வேண்டாமா? விழாவோ எப்போதோ முடிந்துவிட்டது. கடைசியில், என் கோரிக்கை மனுவை 12 வாரங்களுக்குள் பரிசீலித்து முடிவெடுக்கும்படி விருது அலுவலகத்துக்குச் சொல்லி வழக்கு முடித்து வைக்கப்பட்டது. "ஜெயிச்சுட்டோம்!" என்று வழக்கறிஞர் மீதி ஃபீஸையும் வாங்கிக்கொண்டார். நானும் நம்பி இனிப்பு வாங்கிக் கொடுத்தேன். 'பரிசீலி' என்றால் 'கொடு' என்று அர்த்தமில்லை. அலுவலகத்திலிருந்து இரண்டு வரிக் கடிதம் வந்தது: பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலவில்லை.

குத்துச்சண்டை வீரர் மனோஜ் குமார் கதை வேறு. 2014-இல் அர்ஜுனா விருதுப் பட்டியலில் அவர் பெயர் விடுபட்டது. அதே பெயர் கொண்ட இன்னொருவரின் ஊக்கமருந்து விவகாரத்தை இவருடையது என்று குழப்பிக்கொண்டதுதான் காரணம். டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனார், அதே ஆண்டில் விருது கைக்கு வந்தது. காகிதத்தில் காட்டக்கூடிய ஒரு தவறு, தாமதமில்லாத நடவடிக்கை. என்னிடம் இரண்டும் இல்லை.

ஆகவே, விண்ணப்பம் கொடுக்கும் அன்றே முத்திரையோடு ஒப்புகை வாங்குங்கள். தர மறுத்தால் ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்புங்கள். அறிவிப்பை அன்றைய தேதியோடு பத்திரப்படுத்துங்கள். சந்தேகம் வந்தால் முதலில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு ஒரு மனு. குழு உறுப்பினர் பட்டியல், கூட்ட நடவடிக்கைக் குறிப்பு, உங்கள் சொந்த மதிப்பெண், இவற்றைக் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. மூன்றாம் நபர் தகவல் என்று கைவிரிப்பார்கள். உங்கள் மதிப்பெண்ணுக்கு அந்தச் சாக்கு செல்லாது. தேர்வெழுதியவர் தன் விடைத்தாளையே பார்க்கலாம் என்று 2011-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. பதிலுக்காகக் காத்திருந்து விழா தேதியைத் தவறவிடாதீர்கள், அது இன்னொரு பொறி. வழக்கறிஞர் மனுவைக் காட்டும்போது, எந்த விதி மீறப்பட்டது என்பது முதல் பக்கத்திலேயே இருக்கிறதா என்று பாருங்கள்.

தகவல் மனுவை நான் போட்டது எல்லாம் முடிந்த பிறகு. தபால் பதிவேட்டின் நகல் வந்தது, பக்கத்துக்கு 2 ரூபாய். வரவே இல்லை என்று சொன்ன என் கோப்பு, தேதியோடும் வரிசை எண்ணோடும் அதில் இருந்தது. அப்போது எனக்கு வயது வரம்பு தாண்டி ஒன்றரை ஆண்டு ஆகியிருந்தது.