லேசிக் முடிந்து பவர் திரும்பி வந்தால், ‘ஃப்ரீ டச்-அப்’புக்கு உடனே தலையாட்டாதீர்கள்

கண்ணாடி இல்லாமல் பார்ப்பதற்காகச் செய்யும் லேசர் அறுவையான லேசிக் செய்துகொண்டு, ஆரம்பத்தில் பார்வை பளிச்சென்று இருந்து, சில மாதங்களோ ஒரு வருடமோ கழித்து மறுபடி மங்கத் தொடங்கியிருக்கிறதா? செய்த இடத்தில் கேட்டால், "கொஞ்சம் பவர் திரும்பியிருக்கு, இன்னொரு தடவை லேசர் வெச்சா சரியாயிடும், உங்களுக்கு ஃப்ரீதான்" என்கிறார்களா? சம்மதம் சொல்வதற்கு முன்னால், அந்த ஆஸ்பத்திரியோடு சம்பந்தமே இல்லாத ஒரு கார்னியா (கருவிழிக்கு முன்னால் இருக்கும் கண்ணாடி போன்ற படலம்) மருத்துவரிடம் கண்ணைக் காட்டிவிடுங்கள். என் தங்கைக்கு அந்த இரண்டாவது லேசருக்குத் தேதியே கொடுத்துவிட்டார்கள். அது நடந்திருந்தால் அவள் வலது கண் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்தாலே வயிற்றைக் கலக்குகிறது.

நடந்தது சென்னையில், பல கிளைகள் உள்ள ஒரு தனியார் கண் மருத்துவமனையில். வழக்கு நடப்பதால் பெயரை எழுதவில்லை.

தங்கைக்கு அப்போது 23 வயது. பள்ளி நாளிலிருந்து கண்ணாடி. வலது கண்ணில் மைனஸ் ஆறரை, அதோடு ஒன்றரை சிலிண்டர் பவர், அதாவது கார்னியாவின் வளைவு எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி இல்லாததால் வரும் பவர். வரன் பார்க்கத் தொடங்கியதும் கண்ணாடிப் பேச்சும் வந்துவிட்டது. "பொண்ணுக்குப் பவர் ஜாஸ்தியோ?" என்று தரகர் முதல் பெரியம்மா வரை கேட்டார்கள். படித்து, வேலைக்குப் போய், குடும்பத்துக்குச் சம்பாதித்துப் போடும் பெண்ணிடம் கேட்க இவர்களுக்கு வேறு கேள்வியே இல்லையா என்று எனக்கு இன்றைக்கும் ஆத்திரம்தான். சரி, அது தனிக் கதை.

பரிசோதனைக்குப் போன அன்று காலை அவள் கான்டாக்ட் லென்ஸ் போட்டுக்கொண்டுதான் போனாள். முன்பதிவு செய்தபோது லென்ஸைப் பற்றி யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அங்கே போனதும் லென்ஸைக் கழற்றச் சொல்லி, கொஞ்ச நேரம் உட்காரவைத்து, ஸ்கேன் எடுத்தார்கள். மென்மையான லென்ஸ் என்றால் ஒன்றிரண்டு வாரமாவது, கடின லென்ஸ் என்றால் அதைவிட அதிகமாகவும், போடாமல் இருந்துவிட்டுத்தான் கார்னியாவை அளக்க வேண்டும். லென்ஸ் அழுத்தி அழுத்திக் கார்னியாவின் வடிவமே தற்காலிகமாக மாறியிருக்கும். அந்த வடிவத்தை நம்பி லேசர் வைத்தால் கணக்கே தப்பிப் போகும். இது கண் மருத்துவத்தில் அரிச்சுவடிப் பாடம். அவர்களுக்குத் தெரியாமல் இருக்க வாய்ப்பே இல்லை.

அவளுக்குத் தூசி அலர்ஜி உண்டு, கண்ணைக் கசக்கும் பழக்கமும் உண்டு. அதையும் யாரும் கேட்கவில்லை. கேட்டதெல்லாம் எந்த பேக்கேஜ் என்பதுதான். கவுன்சலர் என்று ஒரு பெண், மூன்று விலைகள் அச்சடித்த அட்டையை மேஜையில் வைத்து, "மாசக் கடைசி வரைக்கும்தான் மேடம் இந்த ரேட்" என்றார். அறுவை செய்த டாக்டரை நாங்கள் முதன்முதலில் பார்த்ததே ஆபரேஷன் அன்றுதான்.

மறுநாள் காலை பார்வை நன்றாகவே இருந்தது. கண்ணாடி இல்லாமல், கூடத்தின் அந்தக் கோடியில் மாட்டியிருந்த தினசரி காலண்டரில் ராகு காலம், எமகண்டம் வரைக்கும் வாசித்துக் காட்டினாள். அம்மா அழுதேவிட்டார்.

லேசிக்குக்குப் பிறகு சில தொந்தரவுகள் பலருக்கும் வரும். கார்னியாவின் மேல்பகுதியில் ஒரு ஓரம் மட்டும் ஒட்டியிருக்கும்படி மெல்லிய மூடி போல வெட்டி, அதைத் திறந்துவைத்துவிட்டு உள்ளே லேசர் பாய்ச்சுகிறார்கள். அந்த வெட்டில் கார்னியாவின் நரம்புகளும் அறுபடுகின்றன. அதனால் கண்ணீர் சுரப்பது குறையும், மணல் விழுந்தாற்போல் உறுத்தும், இரவில் விளக்கைச் சுற்றி வளையம் தெரியும். உறுத்தலுக்குக் கண்ணீர் போன்ற சொட்டு மருந்து தருவார்கள். பெரும்பாலானவர்களுக்குச் சில மாதங்களில் இதெல்லாம் அடங்கிவிடும். தங்கைக்கும் அடங்கியது.

பிரச்சினை அதற்கப்புறம் வந்தது. ஏறக்குறைய ஒரு வருடம் ஆனபோது, வலது கண்ணால் பார்த்தால் எழுத்துக்குக் கீழே இன்னொரு எழுத்து நிழலாகத் தொங்குகிறது என்றாள். பஸ் போர்டில் 21 என்று இருந்தால் அதன் அடியிலேயே மங்கலாக இன்னொரு 21. இடது கண்ணை மூடிக்கொண்டு பார்த்தாலும் அப்படியே தெரிந்தது. எதிரே வரும் வண்டியின் முகப்பு விளக்குகளுக்குக் கீழ்நோக்கி வால் முளைத்திருந்தது. ராத்திரியில் ஸ்கூட்டி எடுப்பதையே நிறுத்திவிட்டாள்.

ஆஸ்பத்திரிக்குப் போனோம். "டிரை ஐஸ்தான் மேடம்", அதாவது கண் வறட்சி, என்று சொட்டு மருந்து எழுதினார்கள். மறுபடி போனோம், சொட்டு மருந்தின் பிராண்டை மாற்றினார்கள். அதற்கடுத்த முறை, "ரொம்ப ஃபோன் பாக்கறீங்களா?" என்று கேட்டார்கள். ஒவ்வொரு முறையும் வேறு வேறு ஜூனியர் டாக்டர். ஃபைலில் சிலிண்டர் பவர் ஒவ்வொரு தடவையும் ஏறிக்கொண்டே வந்திருக்கிறது, அவர்கள் கையெழுத்திலேயே இருக்கிறது. கண்ணாடி சட்டத்தில் லென்ஸ் மாற்றி மாற்றிப் போட்டுக் காட்டியபோதும் அவளால் கடைசி இரண்டு வரியைப் படிக்க முடியவில்லை, அதையும் எழுதியிருக்கிறார்கள். எழுதிவிட்டு, கார்னியாவின் வடிவத்தை அளக்கும் டோப்போகிராஃபி ஸ்கேன் எடுக்காமலேயே அனுப்பியிருக்கிறார்கள். முதல் நாள் பேக்கேஜில் அடித்துப் பிடித்து எடுத்த அதே ஸ்கேன்தான். எங்களை ஏமாற்றியது இந்த இடத்தில்தான் என்று நான் சொல்வேன்.

வெறும் பவர் திரும்பியிருந்தால், சரியான கண்ணாடி போட்டால் முழுப் பார்வை வந்துவிட வேண்டும். கண்ணாடி போட்டும் வரவில்லை, சிலிண்டர் ஏறுகிறது, ஒரே கண்ணில் இரட்டையாகத் தெரிகிறது என்றால் கார்னியாவின் வடிவம் கெடுகிறதா என்று பார்த்தே ஆக வேண்டும். அதைப் பார்க்காமல், கடைசியில் அந்தக் கவுன்சலரே ஃபோன் செய்து, நல்ல சேதி சொல்வது போல "ஃப்ரீ டச்-அப்" என்றார்.

என்னோடு வேலை பார்க்கும் ஒருவரின் அண்ணி கண் மருத்துவத் துறையில் இருக்கிறார். அவர் சொல்லித்தான் ஒரு கார்னியா மருத்துவரிடம் போனோம். அவர் முதலில் செய்த காரியமே டோப்போகிராஃபிதான். திரையில் கார்னியாவின் படம் வண்ண வண்ணமாக வந்தது. மேலே பச்சையும் நீலமும், கீழ்ப்பாதியில் மட்டும் சிவப்பாக ஒரு திட்டு. பேனா முனையால் அந்தச் சிவப்பைத் தொட்டு, "இந்த இடத்துல கார்னியா பலம் இழந்து முன்னாடி தள்ளிட்டு வருது" என்றார். பெயர் எக்டேசியா. லேசிக்குக்குப் பிறகு இப்படி வரலாம் என்பது 1998-லேயே மருத்துவ இதழில் பதிவாகியிருக்கிறது. அபூர்வம்தான், ஆனால் புதிது இல்லை.

அப்புறம் மருந்துச் சீட்டின் பின்பக்கத்தில் ஒரு கணக்குப் போட்டார். அந்தச் சீட்டை இன்னும் வைத்திருக்கிறேன். வலது கார்னியாவின் தடிமன் 496 மைக்ரான் (ஆயிரம் மைக்ரான் ஒரு மில்லிமீட்டர்). சராசரி 540-ஐ ஒட்டி இருக்கும், ஆக இது ஏற்கெனவே மெல்லியது. வெட்டிய மூடி 110. பவரும் சிலிண்டரும் சேர்த்து 8. ஆறரை மில்லிமீட்டர் அகலத்துக்கு லேசர் வைத்தால் ஒரு பவருக்குச் சுமார் 14 மைக்ரான் போகும், ஆக 112. மிச்சம் 274. குறைந்தது 250 மிஞ்ச வேண்டும் என்பது பழைய விதி, அந்த விதிப்படி பாஸ். 300 இருந்தால்தான் தொடுவோம் என்கிற மருத்துவர்களும் நிறைய. மூடியும் லேசரும் சேர்ந்து மொத்தத் தடிமனில் 40 சதவீதத்தைத் தொட்டாலே ஆபத்து கூடும் என்பது இப்போது பரவலாகப் பார்க்கப்படும் அளவு. தங்கைக்கு அது 45-ஐ நெருங்கியிருந்தது. சின்ன வயது, கண்ணைக் கசக்கும் பழக்கம் இரண்டும் அதோடு சேர்ந்தன. இந்தக் கார்னியாவில் இன்னொரு தடவை லேசர் வைப்பது, விரிசல் விட்ட சுவரில் ஜன்னல் வைக்க இடிப்பது போலத்தான்.

ஆபரேஷனுக்கு முன் எடுத்த ஸ்கேனைக் கொண்டுவரச் சொன்னார். கேட்டால் "சிஸ்டத்துல இல்ல", "மெயின் பிராஞ்சுல இருக்கு", "டாக்டர் கையெழுத்து வேணும்" என்று இழுத்தடித்தார்கள். 2002-ஆம் ஆண்டின் மருத்துவ நடத்தை விதிகளின்படி, நோயாளி கேட்டால் 72 மணி நேரத்துக்குள் மருத்துவ ஆவணங்களைத் தர வேண்டும். அதைக் குறிப்பிட்டு எழுத்தில் கேட்டு, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்கினோம். அதற்குப் பிறகுதான் காகிதம் வந்தது. அந்தப் பழைய படத்திலேயே வலது கண்ணின் கீழ்ப்பக்கம் லேசாக ஆரஞ்சு நிறம் தெரிந்தது. லென்ஸ் அழுத்தத்தால் வந்ததா, ஏற்கெனவே இருந்த பலவீனமா என்று தெரிந்துகொள்ள, லென்ஸை நிறுத்திச் சில வாரம் கழித்து மறுபடி எடுத்திருந்தாலே போதும். மாசக் கடைசி ஆஃபர் அதற்கு இடம் கொடுக்கவில்லை.

கிராஸ் லிங்கிங் என்ற சிகிச்சை செய்தார்கள். கார்னியாவின் மேல்தோலை நீக்கி, ரைபோஃப்ளேவின், அதாவது வைட்டமின் பி2 சொட்டு மருந்தை ஊறவிட்டு, புற ஊதா ஒளியைப் பாய்ச்சுவார்கள். கார்னியாவின் இழைகள் ஒன்றோடொன்று பிணைந்து இறுகும். வழக்கமான முறைக்குக் கார்னியா 400 மைக்ரானாவது இருக்க வேண்டும். தங்கைக்கு அவ்வளவு மிஞ்சவில்லை. அதனால் கார்னியாவைக் கொஞ்சம் வீங்கவைக்கிற வேறு வகைக் கரைசலை ஊற்றித்தான் செய்ய முடிந்தது. முதல் சில நாள் வலி தாங்க முடியாமல் இருட்டறையில் படுத்துக்கிடந்தாள். இந்தச் சிகிச்சை கெடுவதை நிறுத்தும், போனதைத் திருப்பித் தராது என்று டாக்டர் முன்கூட்டியே சொல்லிவிட்டார். இப்படித் தெளிவாக ஒருவர் பேசியது எங்களுக்கு அதுதான் முதல் முறை.

பார்வையைத் திருப்பித் தந்தது ஸ்கிளீரல் லென்ஸ். சாதாரண கான்டாக்ட் லென்ஸைவிடப் பெரியது, கடினமானது. கார்னியாவைத் தொடாமல் வெள்ளை விழியின் மேல் உட்காரும். இடையில் சலைன் நிரப்பித்தான் போட வேண்டும். அந்தத் திரவம் மேடு பள்ளத்தை நிரவிவிடுவதால் உருவம் ஒன்றாகத் தெரிகிறது. காலையில் குனிந்து உட்கார்ந்து, சின்ன ரப்பர் உறிஞ்சியில் லென்ஸை நிறுத்தி, ஒரு குமிழிகூட இல்லாமல் கண்ணில் வைக்க அவள் பழகிக்கொண்டுவிட்டாள். அந்த லென்ஸோடு கடைசி வரி வரை படிக்கிறாள், வேலைக்குப் போகிறாள். கண்ணாடியே வேண்டாம் என்று விற்றார்கள், இப்போது அதைவிடச் செலவும் சிரமமும் உள்ள ஒன்றைப் போட்டுக்கொண்டால்தான் பார்வை.

நுகர்வோர் ஆணையத்தில் புகார் கொடுத்திருக்கிறோம். காசு வாங்கிச் செய்யும் மருத்துவ சேவை நுகர்வோர் சட்டத்துக்குள் வரும் என்று உச்ச நீதிமன்றம் 1995-லேயே தீர்ப்பளித்திருக்கிறது. பிரச்சினை எழுந்ததிலிருந்து 2 வருடத்துக்குள் புகார் கொடுக்க வேண்டும். "போகப் போகச் சரியாயிடும்" என்று அவர்கள் சொல்வதைக் கேட்டுக்கொண்டே இருந்தால் அந்தக் காலம் ஓடிவிடும், அதனால் தேதிகளைக் குறித்துவையுங்கள். ஒப்புதல் படிவத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டோமே என்று பயப்பட வேண்டாம். அறுவைக்கு வரும் ஆபத்துகளுக்கு ஒப்புக்கொண்டதுதான் அந்தக் கையெழுத்து, கவனக்குறைவுக்கு இல்லை என்று எங்கள் வக்கீல் சொன்னார்.

தனியார் மேல் நம்பிக்கை போய்விட்டது, இரண்டாவது கருத்துக்கு எங்கே போவது என்பவர்களுக்குச் சென்னையில் எழும்பூர் அரசு கண் மருத்துவமனை இருக்கிறது. 1819-இல் தொடங்கிய இடம். கூட்டம் இருக்கும், காத்திருக்க வேண்டும். ஆனால் அங்கே யாரும் உங்களுக்கு பேக்கேஜ் விற்க மாட்டார்கள்.

லேசிக் நன்றாகவே முடிந்து சந்தோஷமாக இருப்பவர்களும் ஒரு காரியம் செய்துவிடுங்கள். ஆபரேஷனுக்கு முந்தைய பவர், கார்னியாவின் வளைவு, தடிமன், இரண்டு கண்ணின் டோப்போகிராஃபி படம், எத்தனை மைக்ரான் எடுத்தார்கள் என்ற தாள், எல்லாவற்றுக்கும் நகல் வாங்கிப் பீரோவில் வையுங்கள். வயதான பிறகு கண்புரை வந்தால், உள்ளே வைக்கும் லென்ஸின் பவரைக் கணக்கிட அந்தப் பழைய எண்கள் பெரிதும் உதவும். லேசர் பட்ட கார்னியாவில் வழக்கமான கணக்கு தவறிப்போகும். அந்த ஆஸ்பத்திரி அன்றைக்கு இருக்குமா, உங்கள் ஃபைல் இருக்குமா என்று யாராலும் உறுதி சொல்ல முடியாது. விதிப்படி மருத்துவர்கள் ஆவணங்களை வைத்திருக்க வேண்டிய காலமே 3 வருடம்தான்.