ஊத்தான் மெலிந்தாங்கில் ஒரு தேங்காய்ப்பால் கோழி

மலேசியாவில் பேராக் மாநிலத்து ஊத்தான் மெலிந்தாங், எங்கள் ஊர். இங்கே பெரிய சாலையில் முன்பு டயர் கடை இருந்த இடத்தில் ஆப்பிரிக்கக் கோழி என்று பேனர் தொங்குகிறதே, அந்தக் கடைக்கு மூன்று தடவை போய்விட்டேன், அதனால் தைரியமாக எழுதுகிறேன். கடைக்காரர் நம்ம பக்கத்துத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தவர்தான். மொசாம்பிக்கில் சாம்பேசியா மாநிலத்துத் தலைநகர் கெலிமானேயில் சில வருடம் சமையல் வேலை பார்த்துவிட்டு ஊர் திரும்பியிருக்கிறார்.

கோழியைப் பூண்டு, எலுமிச்சை, சிலி பாடி என்கிற சின்னக் காரமிளகாய், தேங்காய்ப்பாலில் ஊற வைத்து, கரி அடுப்பில் வாட்டும்போதும் தேங்காய்ப்பாலையே தடவிக்கொண்டிருக்கிறார்கள். சொட்டு சொட்டாக நெருப்பில் விழுந்து புகை கிளம்பும் வாசம் சாலைக்கு எதிர்ப்பக்கம் வரை வரும். முதல் இரண்டு தடவையும் அருமை. மூன்றாவது தடவை, சனிக்கிழமைக் கூட்டத்தில், தொடை எலும்போரம் ரத்தம் தெரிந்தது; சொன்னதும் முகம் சுளிக்காமல் மாற்றிக் கொடுத்தார், சரி. அரைக் கோழி 19 வெள்ளி, நம்ம ஊருக்கு அதிகம்தான்.

நான் திரும்பத் திரும்பப் போவது கோழிக்காக இல்லை, முக்காபாத்தாவுக்காக. அரிசி, தோல் நீக்கிய பாசிப்பயறு, தேங்காய்ப்பால், உப்பு, அவ்வளவுதான். அம்மா ஒரு வாய் வைத்துவிட்டு, “இது பொங்கல்தானேடா, மிளகும் நெய்யும் போட மறந்துட்டாங்க” என்றார். அப்புறம் தட்டை வழித்துச் சாப்பிட்டதும் அவர்தான்.

மெனு அட்டையின் பின்பக்கம் அந்த மாநிலத்தின் கதையை அச்சடித்திருக்கிறார்கள். 1498இல் வாஸ்கோ ட காமா அங்கே ஆற்று முகத்தில் நுழைந்து அதற்கு நல்ல சகுன ஆறு என்று பேர் வைத்தது, 1856இல் ஸ்காட்லாந்துப் பயணி லிவிங்ஸ்டன் ஆப்பிரிக்கக் கண்டத்தைக் குறுக்கே கடந்து கெலிமானேயில் வந்து முடித்தது, இதற்கே அரைப் பக்கம் போய்விட்டது. தென்னை நட்டவர்களுக்கு இரண்டே வரி. எனக்கு அதுதான் குறை. போர்த்துகீசிய அரசு நிலத்தைப் பெரிய பெரிய துண்டுகளாகக் குத்தகைக்குக் கொடுத்து, பின்னால் அது கம்பெனிகள் கைக்குப் போய், முசோக்கோ என்கிற தலைவரியைக் கட்ட ஊர்க்காரர்கள் கம்பெனித் தோட்டத்தில் உழைத்துக் கழிக்க வேண்டியிருந்தது. தோட்டத்து மேற்பார்வையாளரான தண்டலின் சத்தத்துக்கு எழுந்த தாத்தாக்கள் இருக்கும் ஊரில் இதைத்தானே முதலில் போட வேண்டும்? குருவே என்கிற ஊரின் மலைப்பக்கத்துத் தேயிலையும் கடலோர இறாலும் இன்னும் சுருக்கமாக வந்து போகின்றன.

கல்லாவில் கேட்டபோது கடைக்காரரே சொன்னார்: 1975இல் சுதந்திரம், பிறகு உள்நாட்டுப் போர், 1992இல் சமாதானம், அதற்குப் பிறகு தென்னைக்கு ஓலை மஞ்சளாகிச் சாகும் நோய். செத்த மரத்தை வெட்டி அப்புறப்படுத்தாமல் விட்டால் அதிலேயே காண்டாமிருக வண்டு பெருகி, மிச்சமிருக்கும் மரத்தின் குருத்தையும் குடைந்துவிடும். உலகத்திலேயே பெரிய தென்னந்தோப்புகள் என்று பேசப்பட்ட இடத்தில் தலையில்லாத மரங்களாக நின்றதாம். பக்கத்து மேசையில் பாகான் டத்தோவில் தென்னை வைத்திருக்கும் ஒரு பெரியவர், கையில் எடுத்த கோழியைத் தட்டில் வைத்துவிட்டு, “வண்டு எங்க மரத்துலயும் இருக்கு தம்பி” என்றார்.

திங்கள் விடுமுறை. முக்காபாத்தா எட்டு மணிக்கெல்லாம் தீர்ந்துவிடும், உட்கார்ந்ததும் முதலில் அதைச் சொல்லிவிடுங்கள். பொட்டலம் கட்டி எடுத்துப் போனால் இறுகிவிடும்.