486 கணினியில் டாஸும் டூமும்: ஏழாண்டு அனுபவம்

விண்டோஸுக்கு முந்தைய, கட்டளைகளைத் தட்டச்சு செய்து இயக்கும் எம்எஸ்-டாஸ் 6.22 இயங்குதளத்தில், அரக்கர்களைச் சுட்டு வீழ்த்தும் டூம் விளையாட்டை ஏழு ஆண்டுகளாக விளையாடி வருகிறேன். அதற்கென்றே 486 டிஎக்ஸ்2-66 என்ற பழைய இன்டெல் வகைச் செயலி கொண்ட ஒரு கணினியை மேசையின் ஒரு பக்கத்தில் நிரந்தரமாக வைத்திருக்கிறேன். இடையில் இரண்டு முறை மதர்போர்டைக் கழற்றிப் பழுது பார்த்தேன். கிராஃபிக்ஸ் கார்டை ஒரு முறை மாற்றினேன். சவுண்ட் கார்டின் அமைப்புகளோடு ஒரு மழைக்காலம் முழுவதும் மல்லுக்கட்டினேன். இவ்வளவு காலம் புழங்கிய பிறகு எந்தச் செலவு தகும், எந்த உழைப்பு வீண் என்று ஓரளவு உறுதியாகச் சொல்ல முடிகிறது.

டூம் 1993 டிசம்பர் 10 அன்று வெளியானது. அதை உருவாக்கிய ஐடி சாஃப்ட்வேர் நிறுவனம் அதன் முதல் பாகத்தை, ஒன்பது களங்களோடு, யாரும் நகலெடுத்துக் கொடுக்கலாம் என்ற அனுமதியுடன் இலவசமாக விட்டது. இரண்டு ஃப்ளாப்பிகளில் அடங்கிவிடும் அந்த இலவசப் பதிப்புதான் ஈரோட்டில் நான் டிபேஸ் என்ற தரவுத்தள மென்பொருளைப் படிக்கப் போன கணினிப் பயிற்சி மையத்துக்கும் வந்து சேர்ந்தது. அங்கிருந்த கணினிகளில் சவுண்ட் கார்டு கிடையாது. துப்பாக்கியும் கதவும் அரக்கர்களும் எல்லாம் பெட்டிக்குள் இருந்த சின்ன ஸ்பீக்கரின் பீப் ஒலியாகவே கேட்டன. அந்த விளையாட்டின் உண்மையான ஒலியை அது உருவான காலத்துக் கருவியிலேயே கேட்க வேண்டும் என்ற ஆசை இருபது ஆண்டுகளுக்கு மேல் மனதில் கிடந்தது. 2018-இல் கோவையில் ஒரு காயலான் கடையில் இந்தக் கணினியைப் பார்த்தபோது அதனால்தான் விட்டுவிட்டு வர மனம் வரவில்லை. "எடைக்கு வந்த சரக்கு தம்பி, ஓடுமான்னு மட்டும் என்கிட்ட கேக்காதீங்க" என்றார் கடைக்காரர். ஆயிரத்து இருநூறு ரூபாய் கொடுத்து எடுத்து வந்தேன்.

ஓடவில்லை. பெட்டியைத் திறந்ததுமே காரணம் தெரிந்தது. அந்தக் காலத்து 486 மதர்போர்டுகள் பலவற்றில் கடிகாரத்தையும் அமைப்புகளையும் நினைவில் வைக்க, உருளை வடிவ நிக்கல்-கேட்மியம் பேட்டரி ஒன்றைப் பலகையிலேயே பற்றவைத்திருப்பார்கள். ஆண்டுக்கணக்கில் சும்மா கிடந்தால் அது கசியும். என் பலகையில் கசிந்த காரம் கீபோர்டு இணைப்பு வரை பரவி, செப்புத் தடங்களின் மேல் பாசி போலப் பச்சையாகப் பூத்திருந்தது. குச்சியால் தொட்டால் பொடிப்பொடியாக உதிர்ந்தது. முதலில் பேட்டரியை வெட்டி எடுத்தேன். வினிகரைப் பஞ்சில் தொட்டுத் துடைத்துக் காரத்தை முறித்தேன்; பிறகு ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலால் கழுவிக் காயவைத்தேன். திரையில் எழுத்து வந்தது, ஆனால் எந்த விசையை அழுத்தினாலும் பதில் இல்லை. மல்டிமீட்டரை வைத்துத் தடம் தடமாகத் தேடியபோது, கீபோர்டு இணைப்பிலிருந்து போகும் இரண்டு தடங்கள் அறுந்திருப்பது தெரிந்தது. மயிரிழை போன்ற கம்பியால் அவற்றை ஒட்டவைத்த நாளிலிருந்து கீபோர்டு பிழையின்றி வேலை செய்கிறது. பழைய கணினி வாங்குகிறவர்கள் வேறு எதையும் பார்க்கும் முன் இந்தப் பேட்டரியைப் பார்க்க வேண்டும். கசியாமல் இருந்தாலும் அன்றைக்கே எடுத்துவிட வேண்டும். மாற்றாக, வெளிப் பேட்டரிக்கென்று பலகையில் உள்ள நான்கு முள் இணைப்பில் மூன்று சிறிய பென்சில் செல்கள் கொண்ட பெட்டியை ஒரு டையோடு வழியாக இணைத்துவிட்டேன். அது பலகையைத் தொடாமல் தொலைவில் இருக்கிறது.

ஹார்டு டிஸ்கைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். பழைய டிஸ்க் கரகரவென்ற சத்தத்தோடு ஒரே வாரத்தில் நின்றுபோனது. அதன் இடத்தில் பழைய கேமராக்களில் பயன்பட்ட 512 எம்பி காம்பாக்ட் ஃப்ளாஷ் அட்டையை ஹார்டு டிஸ்க் இணைப்புக்கேற்ற ஐடிஇ அடாப்டரில் செருகியிருக்கிறேன். அந்தக் கொள்ளளவைக் கணக்குப் பார்த்தே தேர்ந்தெடுத்தேன். இந்தப் பலகையின் பயோஸ், அதாவது கணினியைத் துவக்கும் அடிப்படை நிரல், 1024 சிலிண்டர், 16 ஹெட், 63 செக்டர் என்ற வரம்பைத் தாண்டாது. செக்டருக்கு 512 பைட்டு வீதம் பெருக்கினால் சுமார் 52.8 கோடி பைட்டுகள்தான் வரும். 512 எம்பி என்று விற்கப்படும் அட்டை அதற்குள் அடங்கிவிடுகிறது. எஃப்டிஸ்க் மூலம் பகுதி பிரித்து ஃபார்மட் செய்த பிறகும் டாஸ் துவங்காவிட்டால், கேமராவிலிருந்து வந்த அட்டையில் துவக்க நிரல் இல்லை என்று பொருள். எஃப்டிஸ்க் கட்டளையை எம்பிஆர் என்ற சேர்க்கையுடன் ஒரு முறை இயக்கினால் சரியாகிவிடும். எனக்கு இதனால் கிடைத்த பெரிய வசதி, அட்டையைக் கழற்றி இன்றைய மடிக்கணினியில் கார்டு ரீடர் மூலம் செருகிக் கோப்புகளை நேரடியாக நகலெடுக்க முடிவதுதான். ஃப்ளாப்பியை நான் தொட்டே நான்கு ஆண்டுகள் ஆகின்றன.

டாஸ் என்றாலே அது நிரல்களுக்கு நேரடியாகத் தரும் 640 கேபி நினைவகத்தோடு போராட்டம் என்ற எண்ணம் பலருக்கும் இருக்கிறது. அந்தக் காலத்து விளையாட்டுகள் பலவற்றுக்கு அது உண்மையே. அறுநூறு கேபி வரை காலியாக வேண்டும் என்று அடம்பிடிப்பவற்றுக்காக மவுஸ் டிரைவரையும் சிடி டிரைவரையும் மேல் நினைவகத்துக்கு ஒவ்வொன்றாக ஏற்றி நானும் இரவுகளைக் கழித்திருக்கிறேன். டூம் அந்தத் தொல்லையைத் தராது. அது டாஸ்/4ஜிடபிள்யூ என்ற நீட்டிப்பான் மூலம் 32 பிட் முறைக்குத் தாவி, ஒரு எம்பிக்கு மேலுள்ள நினைவகத்தைத் தானே எடுத்துக்கொள்கிறது. அதனால் டாஸ் துவங்கும்போது படிக்கும் கான்ஃபிக்.சிஸ் கோப்பில் டூமுக்கென்று தனிப் பட்டியல் உருப்படி வைத்து, அதில் நினைவக நிர்வாக நிரல்களில் ஹைமெம்.சிஸ் மட்டும் ஏற்றுகிறேன், இஎம்எம்386 ஏற்றுவதில்லை. டாஸ் 6 பதிப்பிலிருந்து வந்த இந்தத் துவக்கப் பட்டியல் வசதியைப் பலர் மறந்துவிட்டார்கள் என்று நினைக்கிறேன். ஒரே கணினியில் மூன்று விதமான அமைப்புகளை வைத்துக்கொண்டு, துவங்கும்போது எண்ணை அழுத்தித் தேர்ந்தெடுப்பது அவ்வளவு எளிது.

நினைவகத்தின் அளவில்தான் உண்மையான வேறுபாடு தெரிந்தது. இந்தக் கணினி வந்தபோது 4 எம்பி இருந்தது. டூமுக்கு அதுவே குறைந்தபட்ச அளவு. விளையாட்டு ஓடும், ஆனால் புதிய அறைக்குள் நுழையும்போதெல்லாம் சுவர்ப் படங்களை டிஸ்கிலிருந்து மறுபடி எடுக்க வேண்டியிருப்பதால் ஒரு கணம் தடுக்கி நிற்கும். 16 எம்பி ஆக்கியதும் அந்தத் தடுக்கல் முற்றிலும் போய்விட்டது. டூம் தன் சேமிப்புக்கு 8 எம்பிக்கு மேல் எடுப்பதில்லை என்பது அது துவங்கும்போது திரையில் ஓடும் வரியிலேயே தெரியும். ஆகவே அதற்கு மேல் எவ்வளவு நினைவகம் போட்டாலும் இந்த விளையாட்டுக்குப் பயன் இல்லை.

இனி ஒலி. சவுண்ட் பிளாஸ்டர் 16 கார்டு ஒன்றை வாங்கிப் பொருத்தி, டூமின் செட்டப் நிரலில் தேர்ந்தெடுத்து விளையாட்டைத் துவக்கினேன். இசை முழங்கியது, ஆனால் சுட்டால் சத்தமில்லை, கதவு திறந்தால் சத்தமில்லை. கார்டில் பாதி கெட்டுவிட்டது என்றே பல நாள் நம்பியிருந்தேன். இசையும் ஒலிகளும் கார்டுக்குள் வெவ்வேறு வழியில் பிறக்கின்றன என்பதைப் புரிந்துகொண்ட பிறகுதான் விடை கிடைத்தது. இசை, கார்டிலுள்ள எஃப்எம் என்ற இசை உருவாக்கும் சில்லில் உருவாகிறது; அதற்குக் கட்டளைகளை அனுப்பினால் போதும், வேறு எதுவும் தேவையில்லை. துப்பாக்கி, கதவு, உறுமல் ஆகியவையோ 11,025 ஹெர்ட்ஸில் பதிவான ஒலித்துண்டுகள். அவை டிஎம்ஏ வழியாக, அதாவது செயலியைத் தொடாமல் நினைவகத்திலிருந்து நேராக, கார்டுக்குப் போக வேண்டும். ஒரு துண்டு முடிந்ததும் ஐஆர்க்யூ என்ற குறுக்கீட்டு அழைப்பின் வழியாகக் கார்டு செயலிக்குச் சொல்ல வேண்டும். என் கார்டு ஐஆர்க்யூ 5-இல் இருந்தது, நான் செட்டப்பில் 7 என்று கொடுத்திருந்தேன். 7 பிரிண்டர் போர்ட்டுக்கு உரியது. முகவரி 220, ஐஆர்க்யூ 5, டிஎம்ஏ 1 என்று மாற்றி, துவக்கக் கட்டளைகள் உள்ள ஆட்டோஎக்ஸெக்.பேட் கோப்பில் இந்த எண்களைச் சொல்லும் பிளாஸ்டர் வரியையும் அதற்குப் பொருந்துமாறு திருத்தினேன்.

அன்று இரவு முதல் களத்தில் முதல் கதவைத் திறந்தபோது கேட்ட அந்தக் கனத்த இரும்புச் சத்தத்தை என்னால் மறக்க முடியாது. கதவுக்கு அப்பால் இருந்த அரக்கன் என்னைப் பார்த்ததும் உறுமியது இடது ஸ்பீக்கரிலிருந்து வந்தது. நான் திரும்பத் திரும்ப அது வலது பக்கம் நகர்ந்தது. ஈரோட்டில் பீப் ஒலியாகக் கேட்ட அதே கதவு அது.

வேகம் பற்றிச் சொல்ல நிறைய இருக்கிறது, ஏனெனில் அதை அளக்கும் கருவி விளையாட்டுக்குள்ளேயே இருக்கிறது. டைம்டெமோ என்ற சேர்க்கையுடன், விளையாட்டோடு வரும் பதிவுகளில் மூன்றாவது டெமோவை ஓட்டினால், 2134 விளையாட்டுத் துடிப்புகளை முடிக்க எத்தனை உண்மைத் துடிப்புகள் ஆயின என்று இறுதியில் காட்டும். ஒரு நொடிக்கு 35 துடிப்புகள் என்பதால், 2134-ஐ 35-ஆல் பெருக்கி, வந்த எண்ணால் வகுத்தால் நொடிக்கு எத்தனை பிரேம், அதாவது எத்தனை படங்கள், என்பது கிடைக்கும். ஐஎஸ்ஏ என்ற பழைய வகைத் துளையில் செருகும் கிராஃபிக்ஸ் கார்டுடன் என் கணினி காட்டிய எண் 4410, அதாவது நொடிக்கு ஏறத்தாழ 17 பிரேம். செயலியை மாற்ற வேண்டும் என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனால் குறை செயலியில் இல்லை. டூமின் திரை 320க்கு 200, மொத்தம் 64,000 புள்ளிகள். ஒவ்வொரு பிரேமுக்கும் அதில் பெரும் பகுதியைப் புதிதாக எழுத வேண்டும். ஐஎஸ்ஏ பாதை 16 பிட் அகலத்தில் 8 மெகாஹெர்ட்ஸ் அளவில் ஓடுவது. செயலி எவ்வளவு விரைவாகக் கணக்கிட்டாலும் அந்தக் குறுகிய பாதையில் வரிசையில் நிற்க வேண்டியதுதான். என் பலகையில் வெசா லோக்கல் பஸ் என்ற வேகமான பாதைக்குரிய துளை ஒன்று காலியாக இருந்தது. அது 32 பிட் அகலத்தில் 33 மெகாஹெர்ட்ஸில் ஓடும். சென்னை ரிச்சி தெருவில் இரண்டு முறை அலைந்தும் அதற்குரிய கார்டு கிடைக்கவில்லை. கடைசியில் ஒரு நண்பரின் பழைய சாமான் பெட்டியிலிருந்து வந்தது. அதைப் பொருத்திய பிறகு எண் 2720 ஆக இறங்கியது, அதாவது நொடிக்கு 27 பிரேமுக்கு மேல். இந்த ஏழு ஆண்டுகளில் செய்த மாற்றங்களில் இதைப்போல் பலன் தந்தது வேறொன்றும் இல்லை. கார்டு கிடைக்காதவர்கள் எஃப்5 விசையை அழுத்தி விவரத்தைக் குறைத்துக்கொள்ளலாம். இரண்டு புள்ளிகளை ஒரே முறை எழுதி நிரப்பும் உத்தி அது, குறுகிய பாதையின் சுமை உடனே குறையும். கணிதத் துணைச்செயலி இருக்கிறதா என்று பார்த்து அலைய வேண்டாம். டூம் தசமக் கணக்குகளை எல்லாம் முழு எண்களைக் கொண்டே செய்கிறது.

இன்றைய கணினியில் டாஸ் நிரல்களை ஓட்டும் டாஸ்பாக்ஸ் மென்பொருளைப் போட்டால் ஐந்து நிமிடத்தில் இதே விளையாட்டு ஓடுமே, இவ்வளவு பாடு எதற்கு என்று கேட்கிறார்கள். களங்களை முடிப்பதுதான் நோக்கமென்றால் டாஸ்பாக்ஸே போதும். 1997-இல் மூலநிரல் வெளியான பிறகு பலர் எழுதிய புதிய பதிப்புகள் இன்னும் நன்றாகவே ஓடுகின்றன, நானும் பயணங்களில் அவற்றைத்தான் விளையாடுகிறேன். ஆனால் இரண்டு வேறுபாடுகள் என் கண்ணுக்குத் தெளிவாகத் தெரிகின்றன. டூம் நொடிக்கு 35 பிரேமைத் தாண்டாதபடி எழுதப்பட்டது. அது பயன்படுத்தும் விஜிஏ என்ற திரைக் காட்சி முறையில் திரை நொடிக்கு 70 முறை புதுப்பிக்கப்படும். வேகமான 486-இல் ஒவ்வொரு பிரேமும் சரியாக இரண்டு முறை தோன்றும். இன்றைய 60 ஹெர்ட்ஸ் திரையில் 35 சமமாக வகுபடாது. சில பிரேம்கள் ஒரு முறையும் சில இரண்டு முறையும் நிற்கும், பக்கவாட்டில் திரும்பும்போது சுவர் மெல்லக் குலுங்கும். என் கணினி எல்லா நேரமும் 35-ஐ எட்டுவதில்லை. ஆனால் சிறிய அறைகளில் எட்டும்போது அந்த ஓட்டம் எண்ணெய் வழிவதுபோல் இருக்கிறது. மற்றொன்று வடிவம். 320க்கு 200 என்ற படம் நான்குக்கு மூன்று அளவுத் திரையை நிரப்பும்போது ஒவ்வொரு புள்ளியும் அகலத்தைவிட உயரம் மிகுந்ததாக நீளும். ஓவியர்கள் அப்படிப்பட்ட திரையைப் பார்த்தே வரைந்தார்கள். தட்டைத் திரையில் அந்தத் திருத்தம் இல்லாமல் ஓட்டினால் அரக்கர்கள் குட்டையாக நசுங்கித் தெரிவார்கள்.

குறைகளையும் சொல்ல வேண்டும். நான் வாங்கிய முதல் படக்குழாய்த் திரை, சோதித்துப் பார்த்தது என்ற உறுதிமொழியோடு வந்து, அரை மணி நேரத்தில் படம் சுருங்கி அணைந்தது. விற்றவர் திரும்ப எடுத்துக்கொள்ளவில்லை. அதிலிருந்து நேரில் ஒரு மணி நேரம் ஓடுவதைப் பார்க்காமல் திரை வாங்குவதில்லை. கோடையில் செயலியின் மேலுள்ள சின்ன விசிறி நின்றுபோனது உண்டு. இப்போது வெப்பத் தகடும் விசிறியும் புதிதாகப் போட்டிருக்கிறேன். பந்து மவுஸைப் பதினைந்து நாளைக்கு ஒரு முறை திறந்து உருளைகளில் படியும் அழுக்கைச் சுரண்ட வேண்டும். மின்வழங்கியின் மின்தேக்கிகளை 2022-இல் மாற்றினேன். அதைத் தெரியாதவர்கள் தாமே திறக்கக் கூடாது, அணைத்த பிறகும் உள்ளே உயிர்க்கொல்லி மின்னழுத்தம் தங்கியிருக்கும்.

இப்போது கவலை தருவது திரை ஒன்றுதான். இரண்டாவதாக வாங்கிய 14 அங்குலத் திரையின் ஒளி இந்த ஆண்டு மங்கத் தொடங்கியிருக்கிறது. வெளிச்சத்தை உச்சத்தில் வைத்தாலும் இருண்ட அறைகளில் மூலைகள் தெரிவதில்லை. விளையாட்டின் காமாவை, அதாவது இருண்ட பகுதிகளின் வெளிச்சத்தை, கூட்டும் எஃப்11 விசையால் சமாளித்துக்கொண்டு, அதே அளவில் இன்னொரு திரையைத் தேடி வாரந்தோறும் காயலான் கடைகளுக்குப் போய் வருகிறேன்.