சுழலும் கோடுகளைக் காசு கொடுத்து வாங்கிய கதை

உள்காது நரம்பில் அழற்சி வந்து மூன்று நாள் எழுந்திருக்க முடியாமல் கிடந்தேன். அந்தப் பெருஞ்சுற்றல் அடங்கிய பிறகும் ஒரு தொல்லை விடவில்லை. பெரிய கடையில் அடுக்குகளுக்கு நடுவே நடந்தாலோ, கைப்பேசித் திரையை வேகமாகத் தள்ளினாலோ, பக்கத்தில் நின்ற பஸ் நகர்ந்தாலோ தரை வழுக்கிக்கொண்டு போவது போல இருக்கும்.

அப்போதுதான் அந்த விளம்பரம் கண்ணில் பட்டது: "21 நாளில் தலைச்சுற்றலுக்கு முற்றுப்புள்ளி." முழுப் பணத்தையும் முன்கூட்டியே கட்டினேன். எந்தக் காது, படுக்கையில் புரண்டால் சுற்றுகிறதா, என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள் என்று ஒரு கேள்விகூட அவர்கள் கேட்கவில்லை. கறுப்பு வெள்ளைக் கோடுகள் ஓடும் காணொளிகள் வந்தன. நின்றுகொண்டு, இருட்டறையில், 20 நிமிடம் பார்க்க வேண்டுமாம்.

நான்காவது நிமிடத்தில் வேர்த்துக் கொட்டியது; பிறகு வாந்தி. மறுநாள் காலை வரை சுவரைப் பிடித்துத்தான் நடந்தேன். செய்தி அனுப்பினால், "மூளை பழகுகிறது, நிறுத்திவிடாதீர்கள்" என்று பதில் வந்தது. நானும் நிறுத்தவில்லை, ஒன்பது நாள்! எட்டாம் நாள் குளியலறையில் விழுந்து மணிக்கட்டில் அடிபட்டது. படித்தவன்தான் நான், நோய் நீண்டால் படிப்பு துணைக்கு வருவதில்லை.

ஒன்பதாம் நாள் பணத்தைத் திருப்பிக் கேட்டேன். "நீங்கள் 21 நாள் முடிக்கவில்லையே" என்றார்கள். முடித்தும் குணமாகாவிட்டால்? "பலன் ஆளுக்கு ஆள் மாறுபடும்."

சிகிச்சையே பொய் என்றால் இவ்வளவு கோபம் வராது. அது உண்மையானது. உள்காது அனுப்பும் சமநிலைத் தகவல் பிசகினால் மூளை கண்ணையே அதிகமாக நம்பத் தொடங்கிவிடும். எதிரில் எது நகர்ந்தாலும் தானே நகர்வதாக எடுத்துக்கொள்ளும். நகரும் காட்சிகளைச் சிறிது சிறிதாகக் காட்டி அந்த நம்பிக்கையைத் தளர்த்துவதுதான் பயிற்சி. சமநிலைக் கோளாறுக்குத் தலையையும் கண்ணையும் அசைத்துப் பழக்கும் முறையை 1940களிலேயே பிரிட்டனில் காதோர்ன், குக்ஸி என்ற இருவர் வகுத்துவிட்டார்கள். என்னிடம் விற்கப்பட்டதில் இல்லாதது அந்தச் "சிறிது சிறிதாக"தான்.

பிறகு நான் போன பிசியோதெரபிஸ்ட் கோடுகளைக் காட்டவே இல்லை. முதலில் தலையை ஒரு பக்கம் திருப்பிச் சட்டென்று மல்லாக்கப் படுக்கவைத்து என் கண்களைப் பார்த்தார். கருவிழிகள் துடித்தன. வலது உள்காதில் இருக்கும் நுண்ணிய கால்சியம் துகள்கள் இடம் நழுவி, தலை திரும்புவதை உணரும் அரைவட்டக் குழாய்க்குள் விழுந்திருந்தன. நரம்பு அழற்சிக்குப் பின் இப்படி நேர்வது உண்டாம். ஆயுள் முழுக்கக் கோடுகளைப் பார்த்தாலும் துகள் தன் இடத்துக்குத் திரும்பாது. எப்லி முறைப்படி தலையைப் படிப்படியாகத் திருப்பி, இரண்டே வருகையில் அதைச் சரிசெய்தார். மாதக்கணக்கில் நான் விழுங்கிக்கொண்டிருந்த சுற்றல் மாத்திரையைப் பற்றியும் விசாரித்தார். அந்த வகை மாத்திரை நீண்டால் மூளை ஈடுகட்டக் கற்பதே தாமதமாகுமாம். என் மருத்துவர் அதைப் படிப்படியாக நிறுத்தினார்.

அதன் பிறகுதான் காட்சிப் பயிற்சி தொடங்கியது. உட்கார்ந்தபடி, மெதுவான காட்சி, ஒரு நிமிடம். கொஞ்சம் கிறுகிறுக்கலாம், ஆனால் கால் மணி நேரத்துக்குள் அடங்க வேண்டும். மறுநாள் வரை இழுத்தால் அளவு கூடிவிட்டது என்று பொருள். எனக்கு "மூளை பழகுகிறது" என்று சொல்லப்பட்டது இதைத்தான்.

பணம் கேட்பவர் உங்களைப் பரிசோதிக்கவில்லை என்றால் விலகிவிடுங்கள். சுற்றலோடு பார்வை இரண்டாகத் தெரிவது, பேச்சுக் குழறுவது, கை கால் தளர்வது, திடீர்க் கடும் தலைவலி, சட்டென்று காது கேளாமல் போவது ஆகியவற்றில் ஏதாவது சேர்ந்தால் காணொளி தேடாமல் அவசர சிகிச்சைக்குப் போங்கள்.

நான் இப்போது நின்றபடி இரண்டு நிமிடத்துக்கு வந்திருக்கிறேன். அந்த விளம்பரம் இன்னும் என் திரையில் வருகிறது, ஓடும் கோடுகளோடு. விரலால் தள்ளிவிடும்போது தரை லேசாக அசையத்தான் செய்கிறது.