உப்புக்காற்றில் டிபி பாக்ஸும் ஃபைபர் பெட்டியும்: சில வருட அனுபவம்

கஜா புயல் வந்த 2018க்கு அடுத்த வருஷம் நாகப்பட்டினம் பக்கத்தில் எங்கள் வீட்டு வயரிங்கை முழுசாக மாற்றினோம். மீட்டர் பக்கத்தில் மெயினுக்கு ஒரு பாலிகார்பனேட் பிளாஸ்டிக் பெட்டி, ஐபி65. உள்ளே ஹாலை ஒட்டி 12 வே இரும்பு டிபி, அதாவது வீட்டுக்குள் கரண்டைப் பிரித்துக் கொடுக்கும் பெட்டி. கொரோனா ஊரடங்கு சமயத்தில் ஃபைபர் இணைப்பும் வந்துவிட்டது. எல்லாவற்றையும் ஐப்பசி, கார்த்திகை மழையிலும் கடல் காற்றிலும் வருடக்கணக்கில் பார்த்தபிறகு எனக்குத் தோன்றுவது ஒன்றுதான். பெட்டியின் பிராண்டை விசாரிக்கும் அக்கறையில் பாதியையாவது, அதற்குள் வயர் நுழையும் ஓட்டையிலும் அதை முடுக்கும் திருகிலும் காட்டுங்கள்.

ஐபி65 என்றால் தூசி புகாது, பீய்ச்சியடிக்கும் தண்ணீரும் புகாது. ஆனால் அந்த மதிப்பு ஓட்டை போடாத பெட்டிக்கு உரியது. மேலே துளை போட்டு வயரை இறக்கினால் மழைத்தண்ணீர் வயரைப் பிடித்துக்கொண்டே உள்ளே போய்விடும். தெருவில் ஒரு வீட்டில் அப்படித்தான் நியூட்ரல் வயர்கள் சேரும் உலோகப் பட்டையான நியூட்ரல் லிங்க் முழுக்கப் பச்சைக் களிம்பு பூத்திருந்தது. எங்கள் எலக்ட்ரீஷியனிடம் வயரெல்லாம் அடிப்பக்கமாகத்தான் ஏற வேண்டும், ஒவ்வொன்றுக்கும் துளையை இறுக்கி அடைக்கும் கிளாண்ட் வேண்டும் என்று சொல்லியே வேலையைத் தொடங்கினோம். பெட்டிக்கு முன்னால் வயரை ஒரு தொங்கு வளைவாகத் தாழ்த்தி மேலேற்றினார். தண்ணீர் அந்த வளைவின் அடியிலேயே சொட்டிவிடுகிறது. இன்றுவரை உள்ளே ஈரம் இல்லை. பயன்படுத்தாத துளைகளுக்கும் மூடி போட்டுவிடுங்கள், பல்லியும் எறும்பும் குடியேறுவது அந்த வழியாகத்தான்.

திருகு விஷயத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். ஒரு கோடையில் வீட்டுக்குள் விட்டுவிட்டு ஒரு மீன் வாடை. எங்கள் ஊரில் அதை யார் கண்டுகொள்வார்கள்? அடுப்படி, கொல்லை எல்லாம் தேடினோம். கடைசியில் டிபி கதவைத் திறந்தால் ஏசி எம்சிபியின் (கரண்ட் அளவு மீறினால் தானாக விழும் சுவிட்ச்) அடிப்பக்கம் பழுப்பாகியிருந்தது. சூடாகும் பிளாஸ்டிக் சிலசமயம் அப்படித்தான் நாறும். திருகு தளர்ந்தால் அந்த இடத்தில் சூடு ஏறும், சூட்டில் இன்னும் தளரும். எம்சிபி இதைக் கண்டுபிடிக்காது, ஏனென்றால் ஓடும் கரண்ட் அளவுக்குள்தான் இருக்கும். அந்த எம்சிபியை மாற்றி, வயர் முனைகளுக்கு லக் (உலோக முனை) அடித்து முடுக்கினோம். இப்போது வருடம் ஒருமுறை, தீபாவளிக்கு முன்னால், எலக்ட்ரீஷியனை வரவழைத்து மெயினை அணைத்துவிட்டு எல்லாத் திருகையும் பார்க்கச் சொல்கிறோம்.

எம்சிபி வயரைக் காப்பாற்றத்தான், ஆளைக் காப்பாற்ற அல்ல. 2.5 ஸ்கொயர் (சதுர மி.மீ.) வயருக்கு 16 ஆம்ப் போட்டிருக்கிறது, அடிக்கடி விழுகிறது என்று 32 போட்டால், எம்சிபி விழாது, வயர்தான் எரியும். ஆளைக் காப்பாற்ற 30 மில்லி ஆம்ப் ஆர்சிசிபி வேண்டும். ஃபேஸில் போன கரண்ட் நியூட்ரலில் முழுசாகத் திரும்பவில்லை என்றால் அது துண்டித்துவிடும். முதல் மழைக்காலத்தில் எங்கள் வீட்டில் அது விழுந்துகொண்டே இருந்தது. “அதை எடுத்துட்டு நேரா கொடுத்துடலாம் சார்” என்று ஒருவர் யோசனை சொன்னார். தயவுசெய்து இதற்கு மட்டும் ஒத்துக்கொள்ளாதீர்கள். ஒவ்வொரு சர்க்யூட்டாகப் பிரித்துப் பார்த்ததில் கேட் விளக்குக்குள் தண்ணீர் இறங்கியிருந்தது. பிள்ளைகள் ஈரக்கையோடு தொடும் கேட் அது. டெஸ்ட் பட்டனை மாதம் ஒருமுறை அழுத்துகிறோம். அது கருவி வேலை செய்கிறதா என்றுதான் காட்டும், வீட்டு எர்த் நன்றாக இருக்கிறதா என்று சொல்லாது. அதைத் தனியாகச் சோதிக்க வேண்டும்.

அப்புறம் ஃபைபர். கண்ணாடி இழையில் கரண்ட் பாயாது, அதனால் பயமில்லை என்று கேபிள் இழுக்க வந்தவர் சொன்னார். இழையில் பாயாதுதான். ஆனால் அதைத் தாங்க உள்ளே ஓடும் இரும்புக் கம்பியில் பாயும். கம்பத்திலிருந்து வரும் கேபிள் எங்காவது கரண்ட் லைனில் உரசினால் அது நேராக வீட்டு வாசலுக்கு வந்துவிடும். தாங்கு கம்பியை வெளிக்கொக்கி வரை மட்டும் விட்டு வெட்டச் சொன்னோம். இரும்பே இல்லாத எஃப்ஆர்பி (நார் கலந்த பிளாஸ்டிக்) கேபிளும் கிடைக்கிறது, கேட்டு வாங்குங்கள். டிபியில் இடம் காலியாக இருக்கிறதே, அதிலேயே ஃபைபர் ஜாயின்ட்டை வைத்துவிடலாம் என்றார் அவர். கூடாது. நாளைக்கு இணையம் பார்க்க வருபவர் 230 வோல்ட்டுக்குள் கைவிட வேண்டியிருக்கும். இரண்டடி தள்ளித் தனிப் பெட்டி வைத்தோம்.

வைத்தபோது சிக்னல் மைனஸ் 21 டிபிஎம் (ஒளியின் பலத்துக்கான அளவு, மைனஸ் எண் கூடினால் சிக்னல் குறைகிறது). பிறகு இணையம் விட்டுவிட்டு வரவே அளந்து பார்த்தால் மைனஸ் 26. மைனஸ் 27 வாக்கில் மோடம் கைவிட்டுவிடும். காரணம், யாரோ இறுக்கிக் கட்டிய ஒரு கேபிள் டை. அதை வெட்டியதும் பழைய அளவுக்கே வந்தது. பச்சைத் தலை கனெக்டரை நீலத்தில் செருகாதீர்கள். பச்சையின் முனை 8 டிகிரி சாய்வாகத் தீட்டியது, நீலத்தோடு சரியாகப் பொருந்தாது. கழற்றிய முனையைக் கண்ணுக்கு நேராகப் பிடித்துப் பார்க்கவும் கூடாது, அந்த ஒளி கண்ணுக்குத் தெரியாது. ஜாயின்ட் போட்டபின் தரையில் கிடக்கும் இழைத் துண்டுகளை டேப்பில் ஒட்டி எடுக்கச் சொல்லுங்கள். முடி கனம்தான், காலில் ஏறினால் எடுப்பது பெரும்பாடு.

புயலுக்கு மறுநாள் தெருவில் கிடக்கும் கருப்பு வயர் எது கேபிள், எது கரண்ட் என்று யாராலும் சொல்ல முடியாது. தொடாமல் மின்வாரியத்தின் புகார் மையமான மின்னகம் 94987 94987க்குச் சொல்லிவிடுங்கள்.

வெளிப் பெட்டி வெயிலில் கொஞ்சம் மஞ்சளாகியதைத் தவிர அப்படியே இருக்கிறது. உள்ளே இருக்கும் இரும்பு டிபியில் கதவுக் கீல் துருப்பிடித்து, மூட ஒரு தட்டு தட்ட வேண்டியிருக்கிறது. கடலோரத்தில் கட்டுகிறீர்கள் என்றால் உள்ளேயும் பிளாஸ்டிக் டிபியே வாங்குங்கள், எங்கள் அடுத்த டிபியும் அதுதான்.